சந்திரசிலா முகட்டில் நடுவில் நடந்தேன்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: போன இரண்டு பேரும் முழுசாகத் திரும்பி வந்துவிட்டோம். ஐம்பது வயதுக்குள் பனியில் ஒருமுறை கால் வைத்துவிட வேண்டும் என்பது என் ஆசை. இரண்டு மாதம் மிச்சமிருக்கும்போது, போன மார்ச் கடைசி வாரத்தில், நானும் மனைவி உஷாவும் உத்தரகண்டின் சந்திரசிலா உச்சிக்குக் கிளம்பினோம். உஷா பள்ளியில் இந்தி டீச்சர். பயணம் முழுக்க அவள்தான் பேசினாள், நான் தலையாட்டினேன்.

பயிற்சிக்காக இரண்டு மாதம், பையில் ஐந்து கிலோ அரிசியோடு, காலை ஐந்தரைக்கு எங்கள் சிட்லபாக்கம் ஏரியைச் சுற்றினோம். ஞாயிற்றுக்கிழமைகளில் பல்லாவரம் மலை. அந்த அரிசியைப் பிறகு சமைத்தபோது பாதி குருணையாகியிருந்தது.

ரிஷிகேஷிலிருந்து, மலையேற்றம் தொடங்கும் சோப்டாவுக்கு ஏறக்குறைய இருநூறு கிலோமீட்டர். ஜீப்பில் எட்டு மணி நேரம், வாடகை ஏழாயிரத்து ஐந்நூறு. வழிகாட்டி சோஹனுக்கு இரண்டாயிரம். அவர் கொடுத்த இரும்புக் கைத்தடியை உஷா வாங்கவில்லை. அங்கே ஒரு கடை ஓரத்தில் கிடந்த மூங்கில் கம்பை எடுத்துக்கொண்டாள். "நம்ம வீட்டு மழைக்கம்பு மாதிரியே இருக்குங்க" என்றாள். தெருவில் முழங்கால் தண்ணீர் நிற்கும் நாட்களுக்காக எங்கள் மீட்டர் பெட்டியோரம் ஒரு கம்பு சாத்தியிருக்கும். அதைச் சொல்கிறாள்.

மறுநாள் காலை ஆறுக்குக் கிளம்பினோம். துங்கநாத் கோயில் வரை மூன்றரை கிலோமீட்டர், கல் பாவிய பாதை. வழியெங்கும் சிவப்பாகப் பூத்த மரங்கள், பிறகு வெறும் புல்வெளி, பிறகு பனி. ஒன்பதேகாலுக்குக் கோயிலடியில் இருந்தோம். அங்கிருந்து உச்சிக்கு ஒன்றரை கிலோமீட்டர்தான், ஆனால் ஒதுங்க ஒரு செடிகூடக் கிடையாது. கடைசிப் பகுதி ஒரு முகடு. இடப்பக்கம் பனி மூடிய சரிவு, வலப்பக்கம் செங்குத்தான பள்ளம். காற்று இடமிருந்து வலமாக அடித்துக்கொண்டே இருந்தது, காது மடல் எனக்கு இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.

சோஹன் முகட்டின் மேல் ஏறாமல், பத்தடி கீழே இடப்பக்கச் சரிவில் காலால் படி வெட்டிக்கொண்டு போனார். ஓர் அடி அகலம்கூட இல்லாத வழி. தலைக்கு மேலேயோ மேஜை போட்டதுபோல் அகலமான, சமமான வெள்ளைத் தரை. இவர் ஏன் வேலை மெனக்கெட்டு ஓரத்தில் போகிறார் என்று எனக்கு எரிச்சல் வந்தது. எங்கள் ஊரில் பிறந்த குழந்தைக்கும் தெரியும்: தண்ணீர் நின்றால் ஓரத்தில் போகக்கூடாது, கால்வாய் மூடி எங்கே திறந்திருக்கும் என்று யாருக்கும் தெரியாது, நடு ரோட்டைப் பிடித்து நடக்க வேண்டும். நான் மேலே ஏறி நடுவில் நடந்தேன். இருபது அடி போயிருப்பேன்.

என்னை இறங்கச் சொல்ல ஏறி வந்த உஷா, காலை வைக்குமுன் கம்பை வைத்தாள். அது கைப்பிடி வரை உள்ளே போய்விட்டது. உருவினாள். ஓட்டை வழியே, ரொம்பக் கீழே, கறுப்பாகப் பாறை தெரிந்ததாம்.

"ஏங்க! அப்படியே நில்லுங்க! கீழ தரையே இல்ல!"

சோஹன் இந்தியில் கத்தினார். அவள் அதைத் தமிழில் கத்தினாள். "படுங்க! குப்புறப் படுத்துக்கிட்டே இந்தப் பக்கம் நகர்ந்து வாங்க. எழுந்துக்காதீங்க!"

காற்று அள்ளி வந்த பனி, முகட்டைத் தாண்டிப் பள்ளத்தின் மேல் சன்ஷேடு போல நீட்டிக்கொண்டிருக்கிறது. கீழே தூண் கிடையாது. நான் நடு என்று நினைத்தது அந்தச் சன்ஷேடு. படுத்தேன். பன்னிரண்டடி தூரத்தை முழங்கையால் தேய்த்து வந்தேன். நேரம் தெரியவில்லை, உஷா என் பையைப் பிடித்து இழுத்ததும், கன்னத்தில் கல் உரசியதும் தெரிந்தது. அந்தக் கல்லுக்கு முத்தம் கொடுத்தேன். வெட்கமில்லாமல் அழுதேன். பனிச் சன்ஷேடு விழவேயில்லை, நாங்கள் திரும்பும்வரை வெயிலில் அழகாகப் பளபளத்தது.

பதினொன்று ஐந்துக்கு உச்சி. சுற்றிலும் வெள்ளைச் சிகரங்கள். சோஹன் பெயர் சொல்லிக் காட்டினார், எனக்கு ஒன்றும் மண்டையில் ஏறவில்லை. உயிரோடு பிஸ்கட் தின்பது எவ்வளவு நன்றாக இருந்தது என்பது மட்டும் நினைவிருக்கிறது.

போகப் போகிறவர்களுக்கு: ஏப்ரல் வரை பனி இருக்கலாம், வழிகாட்டி இல்லாமல் போகாதீர்கள். அவர் கால் வைத்த இடத்தில் மட்டும் கால் வையுங்கள், அது எவ்வளவு கோணலாகத் தெரிந்தாலும் சரி. முகட்டின் விளிம்பில் நின்று படம் எடுக்காதீர்கள். மதியத்துக்குள் இறங்கிவிடுங்கள், வெயிலில் பனி இளகும்.

ஊர் திரும்பியதும், விமான நிலையத்துக்கு எதிரே திரிசூலத்தில் மின்சார ரயில் பிடித்து, சானடோரியம் ஸ்டேஷனில் இறங்கி ஆட்டோ எடுத்தோம். தெருமுனையில் ஓட்டுநர் நிறுத்திவிட்டார். "சார், கால்வாய்க்குத் தோண்டிப் போட்டு கீது. வண்டி போவாது, இங்கியே எறங்கிக்கோ."

தோண்டிப் போட்ட மண்மேட்டில் நடந்தபடி உஷாவிடம் கேட்டேன், நான் நடந்து போன இடத்தில் குத்திப் பார்க்க உனக்கு எப்படித் தோன்றியது என்று.

"புதுசா என்ன? மழைத் தண்ணியில நீங்க விறுவிறுன்னு முன்னாடி போவீங்க. நான் உங்களுக்குப் பக்கத்துல குத்திக்கிட்டேதான் வருவேன், இருபது வருஷமா. நீங்கதான் திரும்பிப் பார்த்ததில்ல."

நான் நின்று, அவளை முன்னால் விட்டேன். வீட்டு வாசல் வரை அவள் கால் வைத்த இடத்தில் கால் வைத்துப் போனேன்.