பாலைவனத்து வீட்டின் பற்றரி

கிழக்கு லண்டனில், பார்க்கிங் என்ற ஊரின் கடைத்தெருவில், ஒரு கோழிப்பொரியல் கடைக்கு மேலே இருந்தது என் அலுவலகம். அங்கிருந்து அமெரிக்கக் கூரைகளைக் கவனிப்பதுதான் வேலை. நமக்கு மதியம் தாண்டும்போது அரிசோனாவில் வெயில் ஏறும்; வீடு வீடாகச் சோலார் பனல்கள் விழிப்பது திரையில் கோடுகளாகத் தெரியும். பழுதென்றால் வீட்டுக்காரரோடு பேசுவேன். என் சொந்தக் கூரை ஒழுகுவதை, வீட்டுக்குப் பொறுப்பான கவுன்சில் இன்னும் வந்து பார்க்கவில்லை. அலுவலகம் மூடி இரண்டு வருடமாகியும், பின்னேரமானால் அங்கே விடிகிறது என்ற நினைப்பு என்னை விடுவதில்லை.

கம்பனி வளர்ந்த வேகம் எனக்கே பயமாக இருந்தது. பனலைக் கூரையில் இலவசமாகப் பூட்டுவார்கள். இருபத்தைந்து வருடத்துக்கு மாதக் கட்டணம் வாங்குவார்கள். பூட்டுகிற காசு முழுக்கக் கடன். வட்டி ஏறியது; மிஞ்சிய மின்சாரத்துக்கு அங்கே கொடுத்த விலை இறங்கியது; புதிதாகக் கையெழுத்து வைக்க ஆளில்லை. புது வீடுகளைக் காட்டித்தான் பழைய கடனைச் சமாளித்திருக்கிறார்கள். சீட்டுப் பிடித்து ஓடியவர்களைக் கண்ட எனக்கு இது முதலே விளங்கியிருக்க வேண்டும்.

ஒரு வியாழக்கிழமை மேலாளர் எங்களைக் கூப்பிட்டார். அடுத்த கிழமை மூடுகிறோம், வாடிக்கையாளரிடம் வாய் திறக்கக் கூடாது என்று கையெழுத்தும் வாங்கினார்.

அன்றுதான் அரிசோனாவிலிருந்து ஒரு பெண்மணி போன் எடுத்தார். பாலைவன ஓரத்து வீடு. கணவர் ஒட்சிசன் இயந்திரத்தோடு படுக்கையில். மின்சாரம் நின்றால் அதை ஓட்டவேண்டிய பற்றரி மூன்று கிழமையாகச் சார்ஜ் ஏறவில்லை.

“ஆள் அனுப்புவீர்களா, இல்லை நாங்கள் ஜெனரேட்டர் வாங்கட்டுமா?” என்று நேராகவே கேட்டார்.

வாங்குங்கள் என்ற ஒரு சொல் போதும். ஆனால் எங்கள் ஆட்கள் கெட்ட செய்தியை ஒரேயடியாகச் சொல்ல மாட்டார்கள். அப்பா இறந்தபோது மன்னாரிலிருந்து எடுத்த மாமா முதலில், “ஒண்டுமில்லை பிள்ளை, கொஞ்சம் சுகமில்லை” என்றார். மறுநாள், “கொஞ்சம் கடுமைதான்.” அதற்கு மறுநாள்தான் உண்மை வந்தது. எனக்கும் அது ஊறிப்போயிருந்தது. ஒன்றுமில்லை, கொஞ்சம் தாமதம், நாளைக்கு எடுக்கிறேன் என்றேன். மிச்சத்தை நாளைக்கு மெல்லச் சொல்லலாம் என்று நினைத்தேன்.

வெள்ளிக்கிழமை போனால், சொன்னதற்கு முந்தியே எல்லாவற்றையும் மூடியிருந்தார்கள். கணினி திறக்கவில்லை. அவருடைய இலக்கம் மட்டும் என் கொப்பியில் இருந்தது. பாரிஸிலிருந்து வந்து எங்களோடு வேலை செய்த அக்காவிடம் சொன்னேன்.

“உன்ர போனிலயிருந்து எடுக்கேலாதோ?”

“ஏலாது அக்கா. கையெழுத்து வைச்சிட்டன். கடைசிச் சம்பளம் போயிடும்.”

“ஒரு மனுசன்ர மூச்செல்லோ?”

ஞாயிறு பூசையில் முழந்தாளிட்டு அந்தப் பெண்மணியின் கணவருக்காக மன்றாடினேன். போன் எடுக்கப் பயந்தவளுக்குக் கடவுளிடம் போகத் துணிவிருந்தது. நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது.

சம்பளம் வந்த பிறகு, ஐந்து கிழமை கழித்து, பஸ் தரிப்பில் நின்று எடுத்தேன். அந்தப் பெண்மணியே பேசினார். நான் யாரென்று சொன்னேன். அவர் கத்தவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமையே மின்சாரம் நின்றதாம்; அதோடு கணவரின் மூச்சும்.

“ஜெனரேட்டர் வாங்குவோமா என்று சனிக்கிழமையும் அவர் கேட்டார். அந்தப் பெண் எடுப்பாள், பொறுங்கள் என்று நான்தான் சொன்னேன்.”

பிறகு கேட்டார்: “வியாழக்கிழமையே உங்களுக்குத் தெரியுமா?”

“தெரியும்” என்றேன்.