பாதி மாத்திரை

தொண்ணூறுகளில் பாளையங்கோட்டையில் ஒரு மருத்துவமனையின் மருந்துக் கவுண்டரில் வேலை பார்த்தேன். புற்றுநோய் வலிக்கான மார்ஃபின் மாத்திரையை, அதற்கென அட்டை வைத்திருப்பவர்களுக்கு மட்டும் பதினைந்து நாளுக்கு ஒருமுறை கொடுப்போம். முறைகேடு தெரிந்தால் அட்டை ரத்து.

உவரியிலிருந்து ஒரு மீனவப் பெண் தன் கணவருக்காக வருவார். ஒருமுறை ஐந்து நாள் முன்னதாகவே வந்து நின்றார்.

"அதுக்குள்ள தீந்துட்டா? யாருக்கு வித்த?" என்று வரிசையில் நின்றவர்கள் முன்னால் கேட்டுவிட்டேன்.

அவர் முகம் கறுத்தது. "விக்கல ஐயா. பக்கத்து வீட்டு அக்காவுக்கும் இதே நோவுதான். அட்ட இல்ல. அவ கத்துதது கேக்க மாட்டாம, எனக்குள்ளதுல பாதிய அவளுக்குக் குடுன்னு எங்க வீட்டுக்காரரு சொல்லிட்டாவ. இப்ப ரெண்டு பேருக்கும் இல்ல."

தண்ணீரில் விழுந்து கரைந்துவிட்டது என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பேன். அட்டை போய்விடும் என்று தெரிந்தும் அவர் உண்மையைச் சொன்னார்.

அவரை டாக்டரிடம் அழைத்துப்போனேன். "ஒருத்தர் மருந்த இன்னொருத்தருக்குக் குடுத்தா உயிருக்கே ஆபத்தும்மா" என்று டாக்டர் கண்டித்தார். ஆனால் அட்டையை ரத்து செய்யவில்லை. கணவருக்கு மாத்திரை எழுதிக்கொடுத்து, மறுநாளே அந்த அக்காவைக் கூட்டிவரச் சொன்னார். அப்படியே கூட்டிவந்தார். புது அட்டையில் பெயரை நான்தான் எழுதினேன்.

"நேத்து நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாதும்மா" என்றேன்.

"அத விடுங்கய்யா. அக்காவுக்கு மொதல்ல மாத்திரையக் குடுங்க."

அவர் கணவரை நான் பார்த்ததே இல்லை. லேசான தலைவலிக்கே வீட்டில் எல்லோர் மேலும் எரிந்து விழுகிறவன் நான். இப்போதும் உடம்புக்கு முடியாமல் படுத்தால், அவரை நினைத்து வாயை மூடிக்கொள்கிறேன்.