மணிக்காப்பாளர் அவர்களே

"போட்டியாளர் எண் ஏழு!" என்று கூவிவிட்டு, சாமி மேடையிலிருந்து எடுத்த பூசை மணியை ஒருமுறை அடிக்கிறார் ஸ்ரீகரன். கெலுகோர் அடுக்குமாடியில் ஒன்பதாவது மாடி, மாலை ஆறரை. நாற்காலியில் துவண்டு கிடந்த மனைவி துஷ்யந்தி, கைப்பிடியைப் பற்றிக்கொண்டு எழுந்து நிற்கிறார்.

போன வருடம் வந்த பக்கவாதம் துஷ்யந்தியின் வலக்கையோடு பேச்சையும் கொண்டுபோய்விட்டது. தண்ணீர் வேண்டுமென்றால் "அது... அது..." அவ்வளவுதான். ஆனால் பாருங்கள், நாற்பது வருடங்களுக்கு முன்பு மாநிலப் பேச்சுப் போட்டியில் முதல் பரிசு வாங்கித் தந்த 'நூலகத்தின் பயன்கள்' மட்டும் ஒரு சொல் குறையாமல் உள்ளே இருக்கிறது! ஒருநாள் பூசைக்கு மணி அடித்தபோது தானாக வெளியே வந்தது. மனப்பாடம் செய்தது மூளையில் வேறு இடத்தில் இருக்குமாம், மருத்துவர் சொன்னார். நல்ல இடம் பார்த்துத்தான் வைத்திருக்கிறாள் மனுஷி.

"நீதி வழுவா நீதிபதிகளே" என்று குரல் கணீரென்று கிளம்பும். அடுத்தது, நேரம் பார்த்து மணி அடிப்பவருக்கு, "மணிக்காப்பாளர் அவர்களே!" அப்போது துஷ்யந்தி கணவர் பக்கம் திரும்புவார். முப்பது வருடம் "ஸ்ரீ, ஸ்ரீ" என்று வீட்டையே இரண்டாக்கிய வாய், இப்போது அவரை அழைக்கும் ஒரே பெயர் இதுதான். இதைக் கேட்கத்தான் பகல் முழுக்கக் காத்துக்கிடக்கிறார், பாவம்.

"சாமி மணிய வெச்சு வெளாடுறீங்களே அண்ணே, தப்புலா," என்பார் பக்கத்து வீட்டு லெட்சுமி.

"சாமியும் கொஞ்சம் கேக்கட்டும்லா."

மனிதரிடம் ஒரு கள்ளத்தனம் உண்டு. பேச்சின் கடைசி வரி, "வாய்ப்புக்கு நன்றி கூறி விடைபெறுகிறேன்." அதை அவரால் தாங்கவே முடியாது. அதனால் ஒரு மூச்சு முன்னதாகவே இரண்டு முறை மணி அடித்துவிடுவார். இரண்டு மணி என்றால் நேரம் முடிந்தது. போட்டியாளர் பாதிச் சொல்லிலும் நிறுத்தியாக வேண்டும். துஷ்யந்தி ஒருநாளும் விதியை மீறியதில்லை. வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்.

இன்றும் அந்த இடம் வந்தது. மணி ஒருமுறை ஒலித்தது. இரண்டாவது ஒலிக்குமுன் துஷ்யந்தி தட்டுத்தடுமாறி முன்னால் வந்தார். இடக்கையால், மணியையும் அதைப் பிடித்திருந்த கணவரின் விரல்களையும் சேர்த்துப் பொத்தினார்.

"வாய்ப்புக்கு நன்றி கூறி விடைபெறுகிறேன்." சபைக்குச் சொல்லும் குரலில் அல்ல, அவர் முகத்தைப் பார்த்து, மெல்ல.

சொல்லி முடித்த பிறகும் அந்தக் கையை எடுக்கவில்லை.