கண்ணாடித் துண்டில் வந்த கங்காணி

என் கையெழுத்து மோசம், பிழைகளும் இருக்கும். ஐந்தாம் வகுப்போடு நின்றவன், பொறுத்துக்கொள்ளுங்கள். இன்று பௌர்ணமிப் போயா லீவு, அதனால் எழுத உட்கார்ந்தேன்.

நாவலப்பிட்டியில் நான் வேலை செய்த தியேட்டர் இருந்த இடத்தில் இப்போது புடவைக்கடை நடக்கிறது. அங்கே நான் வாசலில் டிக்கட் கிழித்தேன். மேலே படம் ஓட்டியவரை ஆபரேட்டர் அண்ணன் என்போம். நானும் அதிகம் பேசமாட்டேன், அவரும் பேசமாட்டார். அதனாலேயே எங்களுக்கு ஒத்துப்போனது.

ஒருமுறை, கொலை செய்துவிட்டுத் தலைமறைவாகத் திரிபவனின் கதை படமாக வந்தது. எங்கே போனாலும் செத்தவனின் முகம் அவன் முன்னால் வந்து நிற்கும். அந்தக் கட்டங்களில் அண்ணன் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொள்வார். ரீல் மாற்றத் தவறித் திரை வெளுத்துவிடும். "ஏய் ஆபரேட்டரு, கொலகாரன்தான் ஓடுனான், நீயுமா ஓடிட்ட?" என்று கலரியில் விசிலடிப்பார்கள்.

அது அவருக்கு எப்படித் தைத்ததென்று பிறகுதான் சொன்னார். கலஹாவில் தேயிலைக் கொழுந்து நிறுக்குமிடத்தில் வேலாயுதம் கங்காணி அண்ணனுடைய தாயைக் கேவலமாகப் பேசியிருக்கிறார். அண்ணன் கம்பால் அவர் மண்டையில் அடித்தார். கங்காணி இரத்தத்தோடு தண்ணீர் ஓடும் கானுக்குள் விழுந்தார். "செத்துட்டாருடா. திரும்பிப் பாக்காம ஓடியாந்துட்டேன்." பொலிஸுக்குப் பயந்து வீட்டுக்கு ஒரு சேதிகூட அனுப்பவில்லை. அதைக் கேட்ட பிறகு, ஜீப் ஒன்று தியேட்டர் முன்னால் நின்றாலே நானும் கதவுக்குப் பின்னால் ஒதுங்கிவிடுவேன்.

படம் பார்ப்பவரை அவசரமாகக் கூப்பிட, மை தடவிய கண்ணாடித் துண்டில் பெயரைக் கீறித் திரையில் காட்டுவது எங்கள் வழக்கம். ஒரு பகல் காட்சியில் மனேஜர் தந்த கண்ணாடியை மேலே கொண்டுபோனேன். அண்ணன் வெளிச்சத்தில் பிடித்து வாசித்தார். 'கலஹா வேலாயுதம் கங்காணி வாசலுக்கு வரவும். மகளுக்கு ஆண் குழந்தை.'

"யாருடா இத குடுத்தது?"

"அவரு மருமகன். ஆஸ்பத்திரியில இருந்து ஓடியாந்து கீழ நிக்கிறாரு."

கண்ணாடியை மெஷினில் செருகித் திரையில் காட்டினார். பல்கனியில் ஒரு கிழவர் வேட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். அண்ணன் மெஷினை விட்டுவிட்டுப் படிகளில் பாய்ந்தார்.

வாசலில் கங்காணியின் நெற்றித் தழும்பைக் கண்டதும் காலில் விழுந்தார்.

"அடேய், நீயாடா? எந்திரி. நான் பேசுன பேச்சுக்கு இந்தத் தையல் கம்மிதான். ஒன் ஆத்தாகிட்ட அப்பவே மன்னிப்பு கேட்டாச்சு. ஒன்னயத்தான் காணோம். வா, தாத்தாவாயிட்டேன், டீ குடிப்போம்."

உள்ளே வெள்ளைத் திரையைப் பார்த்துக் கலரி கத்தியது. மனேஜர் ஏசினார். அண்ணன் சிரித்தார், அவர் சிரித்து அன்றுதான் கேட்டேன். இவர் பயந்து ஒளிந்திருந்த அத்தனை வருடமும் செத்தவர் கலஹாவில் ஆட்களுக்குப் பேர் போட்டு வேலை வாங்கிக்கொண்டிருந்திருக்கிறார்!

மறுநாள் அவரைக் கலஹாவுக்கு பஸ் ஏற்றிவிட்டேன். ஜன்னலோரம் உட்கார்ந்து, தலையை வெளியே நீட்டி, தெரிந்தவர் தெரியாதவர் எல்லோருக்கும் கை காட்டிக்கொண்டே போனார்.