டைட்டானிக் தள்ளி வைத்த கல்யாணம்

என் கல்யாணத்தை முதன்முதலில் நிறுத்தியது டைட்டானிக் கப்பல். பனிப்பாறையில் மோதி அவ்வளவு காலம் ஆன பிறகும் அது மலேசியாவின் பகாங் மலையேறி வந்து, தேயிலைத் தோட்டத்து லயத்து வீடு ஒன்றுக்குள் புகுந்து என்மேலும் மோதும் என்று நான் நினைத்ததில்லை. சித்திரை பிறந்த மறுநாள் நல்ல நாள் என்று கோயில் ஐயர் குறித்துக் கொடுத்திருந்தார். என் அம்மா பூவும் பழமும் வைத்த தட்டை நீட்டினார். பெண்ணின் அப்பா தட்டைத் தொடவில்லை. பிளாஸ்டிக் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஏப்ரல் பதினஞ்சா? அன்னிக்குத்தான் டைட்டானிக் முழுகிச்சு. ஆயிரம் பேருக்கு மேல சனம். வேணாம் லா," என்றார். அப்போது என் வாயில் பாதி வாழைக்காய் பஜ்ஜி இருந்தது. முழுங்குவதா, துக்கம் விசாரிப்பதா என்று தெரியாமல் மரியாதைக்காக மெல்லுவதை மட்டும் நிறுத்தினேன்.

பிறகு எனக்கு மாமனாராக வாய்த்த அந்த மனிதர் அப்போது காட்டில், அதாவது தேயிலை மலையில், கங்காணி. கொழுந்து பறிக்கும் ஆட்களை நடத்துவது அவர் வேலை. அவர் வீட்டு ஐஸ் பெட்டிக்கு மேலே ஒரு வானொலி இருந்தது. இதே தேதியில் முன்பு உலகத்தில் என்னென்ன நடந்தன என்று விடியற்காலையில் அதில் சொல்வார்கள். மாமா பல் துலக்கிக்கொண்டே கேட்பார். பிறகு பெரட்டுக்குப் போய், ஆட்களை வரிசையில் நிறுத்திப் பெயர் கூப்பிட்டு, இன்று எந்த மலையில் பறிப்பு என்று சொல்லி முடித்ததும், "இது மாதிரி ஒரு நாளுலதான் எரிமல வெடிச்சிருக்கு. சறுக்கல்ல பார்த்து எறங்குங்க," என்று சேர்த்துக்கொள்வார். பங்களாதேஷிலிருந்து வந்த ஆட்களுக்குத் தமிழ் புரியாது. ஆனாலும் அவர் முகத்தைப் பார்த்தே அன்றைய விபத்து எவ்வளவு பெரியது என்று அவர்கள் ஊகித்துவிடுவார்கள். அந்த வானொலியில் நல்ல செய்திகளும் வந்துகொண்டுதான் இருந்தன. அவை மட்டும் எப்படி அவர் காதில் விழாமல் போயின என்று அவர் மகள் ஒருநாள் எனக்கு விளக்கினாள். "நல்லது சொல்ல ஆரம்பிச்சா அப்பா வாய் கொப்புளிக்கப் போயிருவாரு."

நான் பாக்டரியில் இலை உருட்டும் மெஷினில் வேலை பார்த்தேன். முடி முன்நெற்றியிலிருந்து பின்வாங்கத் தொடங்கியிருந்த வயது. அவசரம் எனக்குத்தான். ஆகவே நானும் வானொலி கேட்டு, நல்ல செய்தியாகப் பொறுக்கி எடுத்துக்கொண்டு சண்டைக்குப் போனேன். மே முதல் தேதியைச் சொன்னேன். அன்றுதான் அமெரிக்காக்காரனின் வேவு விமானத்தை ரஷ்யாக்காரன் சுட்டு வீழ்த்தினான் என்று மாமா அதைத் தள்ளினார். அடுத்ததாக என்னிடம் இருந்ததிலேயே உயரமான ஆயுதத்தை எடுத்தேன்.

"மே இருபத்தொன்பது வைக்கலாம் மாமா. எவரெஸ்ட் உச்சியில மனுசன் மொதமொதல்ல ஏறுன நாள்."

"ஏறுனான். அங்கயேவா குடியிருந்தான்? எறங்கிட்டான்ல? அதே தேதியிலதான் கான்ஸ்டாண்டிநோப்பிள் விழுந்துச்சு, தெரியுமா?"

எனக்குத் தெரியாது. அது பாலமா, கட்டடமா என்றுகூடத் தெரியாது. "பரவால்ல மாமா, நம்ம டெவான் புதுசா கட்டுனது, விழாது," என்று கல்யாண மண்டபத்துக்கு உத்தரவாதம் கொடுத்தேன். மாமாவின் மனைவி, அதாவது என் அத்தை, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அடுப்படிக்குப் போய்விட்டார். "அது ஊரு லா," என்றார் மாமா. அன்று அவர் என்னைப் பார்த்த பார்வையில், டைட்டானிக்கே பரவாயில்லை என்று தோன்றியது.

ஆடி மாதத்தில் யாரும் கல்யாணப் பேச்சு எடுப்பதில்லை. நான் எடுத்தேன். நாள் கேட்க இல்லை, அவர் மனத்தை இளக்கத்தான். நிலாவில் மனிதன் காலடி வைத்ததைச் சொல்லி, அதைவிட நல்ல செய்தி உண்டா என்று கேட்டேன். "ஆடி மாசத்துல போயி கால வச்சான். அதான் அங்க குடித்தனம் பண்ண முடியல, திரும்பி வந்துட்டான்," என்றார். ஆகஸ்டு முப்பத்தொன்று எங்கள் நாட்டுச் சுதந்திர தினமாயிற்றே, அதற்கு யார் மறுப்புச் சொல்ல முடியும் என்று நம்பிப் போனேன். பாரிஸ் சுரங்கப்பாதையில் கார் மோதி ஓர் இளவரசி இறந்தது அதே தேதியில்தான் என்றார்.

இதற்குள் இது சிரிக்கிற விஷயமாக இல்லாமல் போயிருந்தது. கோலா தெர்லாவில் பெண்ணின் அத்தை மகன் ஒருவர் இருந்தார். முட்டைக்கோஸ் தோட்டம், சொந்த லோரி, அதைவிட முக்கியமாகத் தலை நிறைய முடி. ஆவணியில் எங்களுக்கு நாள் அமையாவிட்டால் புரட்டாசியில் எப்படியும் கல்யாணம் கிடையாது. தீபாவளிக்குத் தட்டோடு வருகிறேன் என்று அந்த அத்தை சொல்லி அனுப்பிவிட்டார். நான் ராத்திரியில் முட்டைக்கோஸ் கனவு கண்டு விழித்துக்கொண்ட காலம் அது.

வழியைக் கண்டுபிடித்தது நான் இல்லை, மாமாவின் மகள்தான். தோட்டத்துப் பாலர் பள்ளியில் நாலு வயதுப் பிள்ளைகளை மேய்த்தவளுக்கு ஒரு கங்காணி பெரிய காரியமா? "அப்பா, கெட்டதே நடக்காத நாள் ஒன்னு சொல்லுங்க. அன்னிக்கு வச்சுக்கலாம். எனக்கு அவசரமில்ல," என்று சொல்லிவிட்டாள். மாமா அதை வேலை உத்தரவு போலவே எடுத்துக்கொண்டார். மறுநாளிலிருந்து பிரஷ்ஷை வாயில் வைத்தபடியே வானொலிக்கு முன்னால் நின்று கடைசி வரைக்கும் கேட்டாராம். வாய் கொப்புளிக்கப் போகவில்லையாம். நடுவே நுரையோடு, "ஓகோ, அம்மை ஊசி கண்டுபிடிச்சிருக்கான்!" என்று ஆச்சரியப்பட்டதாகவும் தகவல் வந்தது.

ஒரு சாயந்திரம் அவரே பாக்டரி வாசலுக்கு வந்து நின்றார். சட்டையெல்லாம் தேயிலைத் தூளோடு நான் ஓடினேன்.

"அப்படி ஒரு நாளே இல்ல மாப்ள," என்றார். அவர் என்னை மாப்ள என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. "எந்தத் தேதிய எடுத்தாலும் எவன் வீட்டுலயாவது எழவு. அதே தேதியில இன்னொருத்தன் வீட்டுல மேளம் கொட்டிக்கிட்டுத்தான் இருந்திருக்கான். ரெண்டு பேருக்கும் ஒரே காலண்டருதான்." பெரட்டில் பெயர் கூப்பிடும் குரலுக்கு மாறினார். "செப்டம்பர் பதினாறு. மலேசியா உருவான நாள். லீவு. ஆவணி முடியறதுக்குள்ள வருது. ஐயருக்கிட்டயும் கேட்டுட்டேன்."

வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். என் வாய்க்கு பிரேக் கிடையாது. "அன்னிக்குக் கெட்டது ஒன்னும் நடக்கலையா மாமா?"

"நடந்திருக்கு. சொல்ல மாட்டேன். போயி துணி எடு."

பத்திரிகை அடித்துக் கொடுத்தாயிற்று. பெண் வீட்டார் சந்தோஷமாக இருந்தார்கள், நாங்களும்தான். கல்யாணத்துக்குக் கொஞ்ச நாள் முன்னால் பாய்லர் பக்கத்தில் நின்றுகொண்டிருந்த என் அண்ணன் திடீரென்று கேட்டார்: "டேய், பதினஞ்சாம் தேதி பறிக்கிற எலைய பதினாறாம் தேதி யாருடா உருட்டுறது? ஒன் மாமனாரா?"

தேயிலைத் தோட்டத்தில் லீவு இரண்டு விதம். இன்று பறித்த இலையை பாக்டரி மாடியில் நீளத் தொட்டிகளில் பரப்பி, காற்றாடி போட்டு, ராத்திரி முழுக்க வாட விடவேண்டும். மறுநாள் காலையில்தான் உருட்டு. ஆகவே காடு லீவு விடும் நாளில் பாக்டரிக்கு முந்தின நாள் இலை காத்திருக்கும். காட்டுக்கு லீவு முடிந்த மறுநாள்தான் எங்களுக்கு லீவு. பெண் வீட்டார் எல்லோரும் காட்டு ஆட்கள். என் பக்கம் அப்பா, அண்ணன்கள், சித்தப்பா எல்லோரும் பாக்டரி. தாலி கட்டும் நேரத்தில் என் சொந்தக்காரர்கள் மொத்தமும் மெஷினுக்குப் பக்கத்தில் நின்றிருப்பார்கள். இத்தனை வருஷம் அந்த இலையை உருட்டிய எனக்கு இது தோன்றவேயில்லை. கான்ஸ்டாண்டிநோப்பிள் எங்கே இருக்கிறது என்றுகூட அதற்குள் படித்து வைத்திருந்தேன்.

மாமா கோபப்படவில்லை. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, என்னையும் இழுத்துக்கொண்டு துரையிடம் போனார். துரை என்றால் எங்கள் மேனேஜர்தான். நம் ஆள், என்னைவிட வயதில் இளையவர்.

"பதினஞ்சாம் தேதி பறிப்பு வேணாம் துரை. ஆளுங்கள களையெடுப்புல போட்டுக்கிறேன்."

"ரெண்டு நாள் விட்டா எல முத்திரும், கங்காணி."

"முத்துன எலைய பதினேழாம் தேதி சேர்த்துப் பறிச்சுத் தந்துர்றேன். மாப்பிள்ளையப் பாருங்க துரை, இவரு ஏற்கனவே முத்திட்டாரு."

துரை என் நெற்றியைப் பார்த்தார். அது எங்கே முடிகிறது என்று தேடினாரோ என்னவோ, பார்வை மேலே போய்க்கொண்டே இருந்தது. உடனே சரி என்றார். பதினேழாம் தேதி சாயந்திரத்துக்குள் விட்டுப்போன இலை முழுதும் வந்தாக வேண்டும் என்று மட்டும் சொன்னார். மாமா தன் வேலைக் காலத்தில் எந்தத் துரையிடமும் எதுவும் கேட்டதில்லை என்று பின்னால் அத்தை சொன்னார்.

கல்யாணம் தோட்டத்துக் கோயிலில் நடந்தது. நாட்டு விழா என்பதால் பிரிஞ்சாங் டவுனிலிருந்து வந்த லோரிகள், கார்கள் எல்லாவற்றிலும் கொடி பறந்தது. அத்தனையும் எனக்காகத்தான் என்று சின்னப் பிள்ளைகளிடம் சொல்லி வைத்தேன். கெட்டிமேளம் கொட்டியபோது மாமா பெரட்டில் நிற்பதுபோலவே நின்றிருந்தார். சறுக்கலில் பார்த்து இறங்குங்கள் என்று சொல்லப்போகிறாரோ என்று பயந்தேன். அவர் தோள் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மறுநாள் விடிந்தும் விடியாமலும் அவரே கதவைத் தட்டினார். "மாப்ள, எறங்குங்க. இன்னிக்கு ஒங்க பாக்டரிக்கு உருட்ட எல கெடையாதே, சும்மாத்தான இருப்பீங்க?" வாதம் சரியாக இருந்தது. அப்பா, அண்ணன்கள், சித்தப்பா எல்லோரையும் அவர் ஏற்கனவே திரட்டி வாசலில் நிறுத்தியிருந்தார். மணிக்கட்டில் காப்புக் கயிற்றோடு முதுகில் கூடையை மாட்டிக்கொண்டு, கையில் கத்தரியோடு நான் பனிக்குள் மலையேறினேன். என் பெண்டாட்டி கீழே சாலையில் நின்று கையாட்டினாள். போருக்கு அனுப்பி வைப்பவள் மாதிரி இல்லை, வேடிக்கை பார்ப்பவள் மாதிரி.

"ஐயோ மாப்ள, அது பில்லு! எலைய வெட்டுங்க லா!" என்று ஓர் அக்கா கத்தினார்.

"விடுக்கா, புது மாப்ள. கண்ணு எலையிலயா இருக்கும்?" என்றது அடுத்த நிரைச் செடிகளுக்குள்ளிருந்து ஒரு குரல்.

இலை முத்தித்தான் போயிருந்தது. மத்தியானத்துக்குள் எனக்கு இடுப்பு என்று ஒன்று இருந்ததே மறந்துவிட்டது. ஆனால் சாயந்திரம் லோரி நிறைந்துவிட்டது. துரை வந்து பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போனார். மாமா ஆட்களை வரிசையில் நிறுத்தினார். சாயந்திரத்தில் பெரட்டு வழக்கமில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு, "எல்லாரும் கேட்டுக்குங்க. இன்னிக்கு செப்டம்பர் பதினேழு. பாக்டரி ஆளுங்க மொதமொதல்ல காட்டுல எல பறிச்ச நாள். சேதம் ஒன்னுமில்ல," என்றார். மலை முழுக்கச் சிரிப்பு.

மாமா போய்ச் சேர்ந்து சில வருடங்கள் ஆகின்றன. வானொலி இப்போது எங்கள் வீட்டில் இருக்கிறது. ஒவ்வொரு செப்டம்பர் பதினேழாம் தேதியும் நான் வாய் கொப்புளிக்காமல் கடைசி வரைக்கும் நின்று கேட்கிறேன். போர், புயல், ஒப்பந்தம், யாரோ ஒருவரின் பிறந்தநாள் என்று வந்துகொண்டே இருக்கும். நாங்கள் இலை பறித்ததை மட்டும் இன்னும் சொல்லக் காணோம். "நுரை தரையில ஊத்துது, போயித் துப்பிட்டு வாங்க," என்கிறாள் அவள்.