மனுவில் நான் சொன்ன பெயர்

ஐந்து வருடத்துக்கு முன்பு, ஓணம் முடிந்த வாரம். திருவனந்தபுரம் ஆரியசாலையில், கணவர் விட்டுப்போன பாய், துடைப்பக் கடையை நான் நடத்திக்கொண்டிருந்தேன். ஆறாவதோடு படிப்பை நிறுத்தியவள். பூட்டிய கடைக்குத் திரும்பி வந்து, பூட்டை நாலு தடவை இழுத்துப் பார்க்கிற சுபாவம்.

கட்டடத்தை வாங்கிய புது முதலாளி காலி செய்யச் சொன்னார். நான் மறுத்ததும் கேஸ் போட்டார்; அது நடக்கும்போதே ஆட்களையும் அனுப்பினார். ஒருத்தன் பாய்க்கட்டை உதைத்துத் தள்ளி, "அடுத்த தடவ இது நீதான்" என்றான். அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

எங்கள் தெருவில் மூட்டை இறக்கும் தொழிலாளி ஒருவர், பாறசாலைப் பக்கத்துத் தமிழர். சாயங்காலம் சும்மாட்டுத் துணியை என் கடை ஆணியில் மாட்டிவிட்டுத்தான் வீட்டுக்குப் போவார். ஒருநாள் அதை மாட்டுகிற மாதிரி நின்று, "அக்கா, மாசம் முடியறதுக்குள்ள கடைய ஒடைக்க ஆளு ஏற்பாடு பண்ணியாச்சு. என் காதால கேட்டேன். நான் சொன்னதா மூச்சு விட்டுராதீங்க, கேட்டியளா?" என்றார்.

மறுநாளே வக்கீலிடம் ஓடினேன். ஹைகோர்ட்டில் மனு போட்டுப் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாம் என்றார். "பயம்னு மட்டும் எழுதினா போராது. யாரு பறஞ்சா?" என்று கேட்டார். நீதிபதி நம்பாவிட்டால் என்ன செய்வது என்ற பதற்றத்தில் அந்தத் தொழிலாளியின் பெயரைச் சொல்லிவிட்டேன். "எழுதட்டே?" என்று வக்கீல் இரண்டு தடவை கேட்டார். எழுதுங்கள் என்றேன். கோர்ட்டுக் காகிதம் கோர்ட்டுக்குள்ளேயே கிடக்கும் என்றுதான் நினைத்தேன். எதிராளிகளுக்கும் ஆளுக்கொரு நகல் போகும் என்பது எனக்குத் தெரியாது.

உத்தரவு கிடைத்தது. இரண்டு போலீஸ்காரர்கள் கடை வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள். "சேச்சி, இனி பேடிக்க வேண்டா" என்று என் பயத்தைத் தெளிவித்தார் ஒருவர். அன்றைக்குத்தான் பல நாளுக்குப் பிறகு வயிறாரச் சாப்பிட்டேன்.

நாலாம் நாள் காலை, பஸ் இறங்கி வேலைக்கு வந்த அந்தத் தொழிலாளியை முதலாளியின் ஆட்கள் இரண்டு தெரு தள்ளி மறித்து, இரும்புக் கம்பியால் வலது தோளை நொறுக்கிவிட்டார்கள். அடிப்பதற்கு முன்னால், மனு நகலில் அவர் பெயர் இருந்த பக்கத்தை முகத்துக்கு நேரே ஆட்டினார்களாம்.

அவருக்கும் காவல் போடுங்கள் என்று கடை வாசலில் இருந்தவர்களிடம் கெஞ்சினேன். "ஓர்டர்ல சேச்சி பேரு மட்டும்தான் உண்டு" என்றார்கள்.

ஆஸ்பத்திரிக்குப் போனேன். இடது கையால் டீ டம்ளரைப் பிடித்திருந்தவர், என்னைப் பார்த்ததும், "கடைக்கு ஒண்ணும் ஆகலல்லோ அக்கா?" என்றார். அவர் மனைவிதான் முகத்தைத் திருப்பாமல் சொன்னாள்: "அவங்களுக்கென்ன, வாசல்ல ரெண்டு போலீசு. உங்களுக்கு நான் ஒருத்தி."



அதன்பிறகு அவரால் மூட்டை தூக்க முடியவில்லை. சும்மாட்டுத் துணியை எடுத்துப்போகவும் அவர் வரவில்லை. கடை இன்றும் என் கையில்தான் இருக்கிறது. ஆனால் யாராவது என் நல்லதுக்கென்று குரலைத் தாழ்த்தி ஏதாவது சொல்ல வந்தால், "என்கிட்ட சொல்லாதீங்க, நான் பயந்தவ" என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.