இடம் மாறும் பாய்

ராக்கப்பன் ஒரு நாள் படுத்த இடத்தில் மறுநாள் படுக்க மாட்டான். திருப்பூருக்கு வந்து நஞ்சம்மாளின் லைன் வீட்டில் குடியேறிய பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை. வீடு என்பது ஒரே அறை. ஒரு மூலையில் மண்ணெண்ணெய் அடுப்பு, எதிர்மூலையில் தண்ணீர்க் குடமும் தகரப்பெட்டியும். மிச்சமிருந்த தரையில் அவன் பாய் ஊர்ந்துகொண்டே இருந்தது. இன்று அடுப்போரம் என்றால் நாளை ஒரு சாண் தள்ளி, மறுநாள் இன்னும் கொஞ்சம் தள்ளி. கடைசியில் கதவோரம் வந்து சேருவான்.

மகள் வேல்விழிக்கு இது வேடிக்கை. "எங்கப்பா நத்தை" என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

மனைவி மூக்கம்மாளுக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் ஆடு மேய்ப்பவர் வீட்டில் பிறந்து, ஆடு மேய்ப்பவனுக்கே வாழ்க்கைப்பட்டவள். அறுப்பு முடிந்த வயலில் ராத்திரி முழுக்க ஆடுகளை வலைக்குள் அடைத்துப் போடுவதுதான் கிடை. புழுக்கை மண்ணுக்கு உரம். வயல்காரர் அதற்குக் கூலி தருவார். ஒரு தடவை அடைத்த இடத்தில் அடுத்த ராத்திரி அடைப்பது இல்லை. வலையைப் பிடுங்கிப் பக்கத்தில் நட்டு, பக்கத்தில் நட்டு, வயல் முழுக்கக் கிடை பட்டதும் அடுத்த ஊருக்கு நடக்க வேண்டும். ஆடு நகர்ந்தால் காவலுக்குப் படுத்தவனும் நகருவான். ராமநாதபுரத்துப் பக்கம் இருந்து புறப்பட்டு, வருஷத்தில் பெரும்பகுதி யார் யார் வயலிலோ படுத்து எழுந்தவன் ராக்கப்பன். அவனுக்கு இந்த அறையும் ஒரு வயல்தான்.

அவளுக்குப் பயம் எல்லாம் பாய் கதவோரம் வந்து சேரும் நாளைப் பற்றித்தான். அன்றைக்கு அவன் முகம் மாறிவிடும். காலையில் காப்பி டம்ளரைக் கையில் வாங்கிக்கொண்டு வெளியே பார்த்தபடி சொல்லுவான்:

"இந்த எடம் முடிஞ்சிருச்சு மூக்கு. கெளம்புவமா?"

அவள் வேல்விழிக்குத் தலை சீவத் தொடங்கிவிடுவாள்.

வேல்விழி அவளிடம் வந்து சேர்ந்ததே போன வருஷம்தான். பால்குடி மறந்த கையோடு அவளை ஊரில் தன் அண்ணன் வீட்டில் விட்டுவிட்டுத்தான் கிடையோடு நடந்தார்கள். கிடைப் பிள்ளைகள் எல்லாரும் அப்படித்தான் வளர்ந்தார்கள். படிக்க வேண்டும் என்றால் ஓரிடத்தில் இருக்க வேண்டும். ஒரு பங்குனியில் ஊருக்குப் போனபோது, வேல்விழி அண்ணன் மனைவியின் சேலையைப் பிடித்துக்கொண்டு, "அம்மா, யாரோ வந்திருக்காக" என்று சொன்னாள். மூக்கம்மாள் பக்கத்து வீட்டுக்குத் தண்ணீர் குடிக்கப் போவதுபோலப் போய், கொஞ்ச நேரம் கழித்துத்தான் திரும்பி வந்தாள்.

அதற்குப் பின்னால் ஒரு மழைக்காலத்தில் ஆடுகளுக்கு நாக்கு நீலம் பாரித்தது. வாய் வெந்து, கால் நொண்டி, ஒவ்வொன்றாக விழுந்தன. மிஞ்சியவற்றை விற்றுவிட்டுத்தான் இரண்டாயிரத்து மூன்றில் திருப்பூருக்கு பஸ் ஏறினார்கள். ராக்கப்பன் செத்த ஆடுகளுக்காக அழுதான். மூக்கம்மாளும் அழுதாள். ஆனால் மனதின் ஒரு மூலையில், இனி மகளைக் கூட வைத்துக்கொள்ளலாம் என்று அவளுக்குத் தோன்றியது. அதை அவள் இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

அவளுக்கு ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை. தைத்து வரும் பனியனைப் புரட்டிப் பார்த்து, ஓட்டை பார்த்து, நூல் பிசிறு வெட்டுவது. ராக்கப்பனுக்குத் துணி நெய்யும் நிட்டிங் கம்பெனியில் வேலை. உருளையான மெஷின் சுற்றிக்கொண்டே இருக்கும். அவன் அதன் முன்னால் நிற்க வேண்டும்.

"மெஷினுக்குக் குடுத்துவச்சிருக்கு. அது சுத்துது. நான் நட்ட கம்பாட்டம் நிக்கிறேன்" என்பான்.

பொங்கல் முடிந்த வாரம், அவன் பெரியப்பா மகன் பொன்னுச்சாமி வந்தார். கணியூர்ப் பக்கம் அறுத்த வயலில் கிடை போட்டிருந்தார். அவர் உள்ளே நுழைந்ததும் அறை முழுக்க ஆட்டு வாசனை. ராக்கப்பன் அண்ணனின் துண்டை வாங்கி மடியில் வைத்துக்கொண்டதை மூக்கம்மாள் கவனித்தாள்.

"ஆளு பத்தலைடா. நீ வந்தா நல்லது. ஆட்டுலயும் ஒரு பங்கு பாத்துத் தாரேன்" என்றார் பொன்னுச்சாமி.

"புள்ள?" என்று கேட்டாள் மூக்கம்மாள்.

"அதான் ஒங்கண்ணன் வீடு இருக்கே. புதுசா விடுறமாதிரி கேக்குற."

ராக்கப்பன் மடியில் இருந்த துண்டின் நுனியை முறுக்கினான். அன்றைக்கு அவன் பாய் அறையின் நடுவைத் தாண்டியிருந்தது.

மறுநாள் மூக்கம்மாள் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு அடுப்பைத் தூக்கிக் கதவோரம் வைத்தாள். குடமும் பெட்டியும் அடுப்பு இருந்த இடத்துக்குப் போயின. அறை தலைகீழானது. கதவோரம் என்று ஒன்று இல்லாமல் போனால் அவன் எங்கே போய் முடிப்பான் என்பது அவள் கணக்கு.

வாடகைக்கு விட்ட அறைகளை ஒருமுறை சுற்றிப் பார்க்க வந்த நஞ்சம்மாள் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"ஏனுங் அம்மிணி, அடுப்ப எதுக்குங் நடையில கொண்டாந்து வெச்சிருக்கறீங்? காத்துக்கு நின்னு எரியுங்களா?"

"சும்மாதாங்க. எடம் மாத்துனேன்."

"மாத்துனீங்க, செரி. வாரவிங்க சோத்துச் சட்டியத் தாண்டிட்டுத்தான உள்ளார வரோணும்?" நஞ்சம்மாள் அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தார். "உங்கூட்டுக்காரரு எங்கியோ போறன்னு சொல்றாருங்களா?"

மூக்கம்மாள் ஆமாம் என்று தலையை ஆட்டினாள்.

"போச்சாது போங்க, அடுப்பு அங்கியே இருக்கட்டும். காத்து வந்தா ஒரு அட்டைய வெச்சு மறைச்சுக்குங்க."

அடுப்பை மாற்றியது கொஞ்ச நாள் பலித்தது. ராக்கப்பன் மாலையில் வந்து புதிய அறையைப் பார்த்து, "எவ பண்ணுன வேலை இது?" என்று சிரித்தான். ஆனால் மாசி பிறந்ததும் பாய் குடத்தோரம் தட்டி நின்றது. காலையில் டம்ளரை வாங்கிக்கொண்டு சொன்னான்:

"இதுவும் முடிஞ்சிருச்சு. அண்ணனுக்கு ஒரு போனப் போட்டுச் சொல்லிரவா?"

"சொல்றதுக்கு முன்னால எனக்கு ஒரு நாள் குடுங்க" என்றாள். எதற்கு என்று அவளுக்கே தெரியவில்லை.

அன்றைக்குக் கம்பெனி வாசலில் கந்தவேலின் டெம்போ நின்றது. கந்தவேல் ஒரு கம்பெனியிலிருந்து இன்னொரு கம்பெனிக்குத் துணி ஏற்றி இறக்குபவன். லோடு இறக்க ஆள் இல்லாமல் அவனே துணி உருளையைத் தோளில் தூக்கிக்கொண்டு முனகினான். மூக்கம்மாள் மதியச் சாப்பாட்டுத் தூக்கைக் கையில் வைத்தபடி கேட்டாள்:

"இந்தத் துணி எங்கிருந்துங்க வருது?"

"எங்கிருந்துன்னு சொல்லட்டுங்? நெய்ஞ்சது அனுப்பர்பாளையத்துல. சாயத்துக்கு மங்கலம் ரோடு போச்சு. அங்கிருந்து காயப் போட்டு அழுத்தறதுக்கு வேற பக்கம். அப்பறம் உங்க கம்பெனி. தெச்சு முடிச்சா எம்பிராய்டரிக்கு வீரபாண்டி. இந்த ஊர்ல துணி ஒரு எடத்துல ஒரு ராத்திரி தங்குனா அதிசயமுங்க்கா."

மூக்கம்மாள் அந்த உருளையையே பார்த்துக்கொண்டு நின்றாள். தூக்கில் சோறு ஆறிப் போயிருந்தது.

"கூட மாட லோடு ஏத்த எங்க வீட்டுக்காரரை வச்சுக்கிறீங்களா?"

கந்தவேல் சரி என்றதைச் சாயங்காலம் அவள் சொன்னதும், ராக்கப்பன் வெற்றிலைச் சாற்றைத் துப்பிவிட்டு வந்தான்.

"துணியா? அது புல்லுத் திங்குமா?"

"திங்காது. ஆனா ஒரு எடத்துல நிக்காது."

"கூப்புட்டா வருமா?"

"நீங்க தூக்குனா வரும். நிட்டிங்குக்கு லீவு சொல்லிட்டுப் போய்த்தான் பாருங்களேன். நாலு நாளு. புடிக்கலன்னா கணியூருக்கு நானே பஸ் ஏத்திவிடுறேன்."

கடைசி வாக்கியத்தைச் சொல்லும்போது அவள் வேல்விழியின் பக்கம் திரும்பவில்லை.

மூன்று நாள் அவன் சந்தோஷமாகப் போய் வந்தான். எந்த ரோட்டில் எந்தக் கம்பெனி, எங்கே நாய் குரைக்கும், எங்கே டீ நன்றாக இருக்கும் என்று மகளிடம் கதை சொன்னான். நாலாவது நாள் இருட்டும் முன்பே மூக்கம்மாளின் கம்பெனி வாசலுக்கு டெம்போ வந்தது. கந்தவேல் இறங்கினான், முகம் கறுத்திருந்தது. கோபத்திலும் அவன் வாய் 'ங்க' போடுவதை விடவில்லை.

"வாங்க்கா, உங்க ஊட்டுக்காரரு பண்ணி வெச்சதக் கேளுங். மூணு நிட்டிங் கம்பெனித் துணி. மூணும் சாயம் போடாதது, ஒரே வெள்ளை. தனித்தனியா அடுக்குங்கன்னுட்டு டீ குடிக்கப் போனனுங். வந்து பாத்தா மூணையும் ஒண்ணாக் கலந்து, கோபுரமாட்ட அடுக்கி வெச்சிருக்கறாருங்!"

ராக்கப்பன் டெம்போவின் பின்னால், தலையைச் சொறிந்தபடி நின்றான்.

"கிடையில நாலு வீட்டு ஆட்டையும் ஒண்ணாத்தான மூக்கு அடைப்போம்? காலையில அவுகவுக குரல் குடுத்தா அததது பிரிஞ்சு வரும்."

"துணிய நான் போய் 'பேபே'ன்னு கூப்படறதுங்களா?" என்றான் கந்தவேல். சொன்ன பிறகு அவனுக்கே சிரிப்பு வந்து, அடக்கிக்கொண்டான். "மறுபடியும் மூணு கம்பெனிக்கும் போயி, அவிங்க ஆளக் கூட்டியாந்து பிரிக்கறதுக்குள்ள பொழுது போச்சுங். நாளைக்கு நான் வேற ஆளப் பாத்துக்கறனுங்க்கா. மனசுல வெச்சுக்காதீங்."

மூக்கம்மாளுக்குக் கணக்குப் புரிந்தது. வேறு ஆள் என்றால் கணியூர். கணியூர் என்றால் அண்ணன் வீடு. வேல்விழியின் புதுப் புத்தகப்பை, மறுபடி அந்தச் சேலையைப் பிடித்த கை, 'யாரோ வந்திருக்காக'.

"அவுகவுக ஆட்டுக்கு என்ன சாயம் வைப்பீக?" என்று புருஷனிடம் கேட்டாள். அவள் குரல் அவளுக்கே அதட்டலாகக் கேட்டது.

"என்ன?"

"நாலு வீட்டு ஆடு கலந்தா, குரலு மட்டுமா? நெத்தியில செவப்பு எங்க அண்ணனது, இடுப்புல பச்சை ஒங்களது. வைப்பமா இல்லையா?"

ராக்கப்பன் நிமிர்ந்தான். மூக்கம்மாள் உள்ளே ஓடி, கட்டிங் மேஜைக்குக் கீழே குவிந்திருந்த கழிவுத் துணியில் கைவிட்டு, சிவப்பு, பச்சை, மஞ்சள் கீற்றுகளை அள்ளிக்கொண்டு வந்தாள். அதைக் கந்தவேல் கையில் கொடுக்கவில்லை. புருஷன் கையில் கொடுத்தாள்.

"ஏத்துறப்பவே கட்டிருங்க. ஒரு கம்பெனிக்கு ஒரு நெறம்."

ராக்கப்பன் அங்கேயே ஒரு உருளையின் கழுத்தில் சிவப்புக் கீற்றைக் கட்டினான். ஆட்டுக்குக் கட்டுவதுபோல, இறுக்காமல், விரல் நுழைய இடம் விட்டு. கந்தவேல் அந்த முடிச்சையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"துணிக்கு மூச்சு முட்டாதுங்ண்ணா, இறுக்கியே கட்டுங்" என்றான். பிறகு, "நாளைக்கு ஒருநா பாக்கறனுங்" என்று வண்டியில் ஏறினான்.

அந்த ஒரு நாள் நீண்டுகொண்டே போனது. பங்குனி வந்தது. பாய் இரண்டு தடவை அறையைச் சுற்றி வந்துவிட்டது. ராக்கப்பன் காலையில் டம்ளரை வாங்கிக்கொண்டு வெளியே பார்ப்பான். மூக்கம்மாள் மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பாள். தெருமுனையில் டெம்போ ஹாரன் அடிக்கும், அவன் போய்விடுவான். சொல்ல நேரம் இல்லாததால் சொல்லவில்லையா, சொல்ல ஒன்றும் இல்லையா என்று அவளுக்குத் தெரியவில்லை. கேட்கவும் பயம்.

சித்திரையில் பொன்னுச்சாமி மறுபடி வந்தார். கணியூர் வயல்கள் முடிந்து, கிடை கிழக்கே நடக்கப் போகிறது. இதைவிட்டால் ஐப்பசிவரை இந்தப் பக்கம் வரமாட்டார். அன்று காலையில் ராக்கப்பனின் பாய் சுருட்டியபடி குடத்தோரம் கிடந்தது. அறையின் கடைசி இடம்.

"என்னடா, வாரியா?"

ராக்கப்பன் அண்ணனின் துண்டை வாங்கி மடியில் வைத்துக்கொண்டான். முகர்ந்துகூடப் பார்த்தான். மூக்கம்மாள் குழம்பைக் கிளறுவதை நிறுத்தியிருந்தாள்.

"திங்கக்கிழமை காங்கயம் ரோட்டுல எறக்கணும்ணே. செவ்வா வீரபாண்டி. அதுக்குள்ள மங்கலத்துல சாயம் ஏறிரும், அதையும் ஓட்டிட்டு வரணும்."

"ஓட்டிட்டா? துணியவா?"

"தூக்கிட்டுத்தான். வாய்க்கு வந்துருச்சு." துண்டை மடித்து அண்ணன் தோளில் போட்டான். "நீங்க போயிட்டு வாங்கண்ணே. ஐப்பசியில திரும்புறப்ப குட்டிகளைக் காட்ட எம்மகளக் கூட்டியாறேன்."

பொன்னுச்சாமி அறையைச் சுற்றிப் பார்த்தார். பிறகு, "இந்தத் தீப்பெட்டிக்குள்ள எப்படித்தான் தூக்கம் வருதோ" என்று முனகிவிட்டு, கை கழுவ எழுந்தார்.

விளக்கு போட்டதும் வேல்விழி பாய்களை எடுத்து வந்தாள். பெரியப்பாவுக்கு ஜன்னலோரம் ஒன்றை விரித்தாள். அப்பாவின் பாயைக் கையில் வைத்துக்கொண்டு அறையை ஒரு சுற்றுப் பார்த்தாள்.

"அப்பா, நேத்து குடத்துக்கிட்ட முடிஞ்சிருச்சு. இன்னைக்கு எங்க?"

மூக்கம்மாள் திரும்பவில்லை. கரண்டியை இறுக்கிப் பிடித்திருந்தாள்.

"ஏன், மறுபடி அடுப்போரத்துலருந்துதான்" என்றான் ராக்கப்பன். "வெங்காயத்தக் கொஞ்சம் தள்ளி வய்யி, மூக்கு."

அவள் வெங்காயக் கூடையைத் தள்ளி வைத்தாள். கண்ணைத் துடைக்க வெங்காயம் ஒரு நல்ல காரணமாக இருந்தது.